யாசுகே நிஜமாகவே சாமுராய்தானா?

நீங்கள் கேட்டிருப்பது இது: "பழைய ஜப்பானில் யாசுகே என்ற ஆப்பிரிக்கர் சாமுராயாக இருந்தார் என்கிறார்கள். இது நிஜமா, இல்லை வீடியோ கேம்காரர்கள் கட்டிவிட்ட கதையா? பிறப்பை வைத்தே எல்லாம் முடிவாகிற சமூகத்தில் ஒரு அடிமை, அதுவும் வெளிநாட்டவர், அந்த இடத்துக்கு எப்படிப் போக முடியும்?" இதில் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. ஒன்று அந்த மனிதரைப் பற்றியது. இன்னொன்று, சாமுராய் என்பது ஒரு சாதி, வெளியாள் உள்ளே நுழைய முடியாது என்று நீங்கள் ஏற்கெனவே வைத்திருக்கும் ஒரு எண்ணம். எனக்கு இரண்டாவதுதான் முக்கியமாகப் படுகிறது. சட்டென்று ஒரு பதில் வேண்டுமென்றால்: ஆள் நிஜம், அப்போது ஜப்பானில் மேலோங்கியிருந்த போர்ப்பிரபு ஓடா நோபுனாகாவிடம் படி வாங்கிக்கொண்டு இருந்ததும் நிஜம், "சாமுராய்" என்ற சொல்லை மட்டும் அவர் காலத்து ஏடுகள் அவர் பெயரோடு சேர்த்து எழுதவில்லை.

நான் வரலாற்றுப் பேராசிரியர் இல்லை. பதினெட்டு வருடமாக ஜப்பானிய மொழிபெயர்ப்பு வேலை, பெரும்பாலும் இயந்திரக் கையேடுகளும் ஒப்பந்தங்களும். நடுவில் கியோட்டோவில் மூன்று வருடம் இருந்தபோது பழைய ஜப்பானிய உரைநடை படிக்கக் கற்றுக்கொண்டேன், அந்தப் பழக்கம் இன்னும் விடவில்லை. தூரிகையால் கிறுக்கிய மூலப் பிரதிகளைப் படிக்கும் அளவுக்கு எனக்குத் தேர்ச்சி கிடையாது, அச்சில் வந்ததைத்தான் படிப்பேன். பாதிரியார்களின் போர்த்துக்கீசியக் கடிதங்களையும் ஜப்பானிய மொழிபெயர்ப்பில்தான் பார்த்திருக்கிறேன்.

யாசுகேயைப் பற்றி அவர் காலத்தில் எழுதப்பட்டதையெல்லாம் ஒன்றாகச் சேர்த்தாலும் இரண்டு மூன்று பக்கம் தேறினால் அதிகம். இயேசு சபையின் கீழ்த்திசைப் பார்வையாளரான அலெஸ்ஸாண்ட்ரோ வலிக்னானோ 1579இல் கோவா, மக்காவ் வழியாக ஜப்பான் வந்து சேர்ந்தார். 1581 வசந்தத்தில் அவர் கியோட்டோவுக்குப் போனபோது கூட ஒரு கறுப்பரும் இருந்தார். அவரைப் பார்க்க ஊரே திரண்டு, பாதிரியார்கள் தங்கியிருந்த வீட்டின் கதவை உடைத்துவிட்டது. கல்லெறி, அடிதடி, காயம் என்று லூயிஸ் ஃப்ரோயிஸ் பாதிரியார் கடிதத்தில் எழுதியிருக்கிறார். இந்தக் கூச்சல் நோபுனாகாவின் காதுக்கும் போய், அந்த ஆளைக் கூட்டிவரச் சொன்னார். அது மார்ச் 27. தோலின் நிறம் பிறவி நிறம்தான், பூசியதில்லை என்று நோபுனாகாவால் நம்பவே முடியவில்லை, இடுப்புக்கு மேல் உடையைக் கழற்றச் சொல்லிப் பார்த்தாராம். அவருடைய அண்ணன் தம்பி பிள்ளை ஒருவர் பத்தாயிரம் செப்புக் காசு கொடுத்தாராம். இது ஐரோப்பியர் பக்கத்துக் கதை. ஜப்பானியர் பக்கத்தில், நோபுனாகாவிடம் வேலை பார்த்த ஓதா கியூஇச்சி எழுதிய 'ஷின்சோ கோகி' என்ற வரலாறும் அதே தேதியில், கிறிஸ்தவ நாட்டிலிருந்து ஒரு "குரோபோஸு" வந்தான், வயது இருபத்தாறு இருபத்தேழு இருக்கும், மாடு மாதிரி கறுப்பு, திடகாத்திரம், பத்துப் பேர் பலம் என்று எழுதுகிறது. குரோபோஸு என்றால் கறுப்புச் சாமியார். பாதிரியார்களோடு வந்ததால் அவரையும் துறவி என்றே எண்ணியிருப்பார்கள். இரண்டு மொழியில், ஒருவர் எழுதியதை மற்றவர் பார்க்காமல், ஒரே சம்பவம் பதிவாகியிருக்கிறது. அதனால் ஆள் இருந்தாரா என்ற கேள்விக்கே இடமில்லை.

சண்டை நடப்பதெல்லாம் இதற்கு அடுத்து வரும் ஒரே ஒரு வாக்கியத்தை வைத்து. 'ஷின்சோ கோகி'க்குப் பல கையெழுத்துப் பிரதிகள் உண்டு. அவற்றில் மாயேதா குடும்பத்தின் சொன்கெய்காகு நூலகத்தில் இருக்கும் பிரதியில் மட்டும் ஒரு வரி கூடுதலாக வருகிறது. அந்தக் கறுப்பருக்கு "ஃபுச்சி" அளிக்கப்பட்டது, யாசுகே என்று பெயர் வைக்கப்பட்டது, தகடு போர்த்திய உறையோடு ஒரு குறுவாள் தரப்பட்டது, சொந்த வீடு வரைக்கும் தரப்பட்டது, சில சமயம் நோபுனாகாவின் "தோகு"வைத் தூக்கி வரும் வேலையும் கொடுக்கப்பட்டது. அவ்வளவுதான் அந்த வரி. இதில் ஒவ்வொரு சொல்லையும் ஆளாளுக்கு ஒரு பக்கம் இழுக்கிறார்கள். ஃபுச்சி என்பது அரிசியாக அளந்து கொடுக்கும் படி. பிற்காலக் கணக்கில் ஒரு ஆள் ஃபுச்சி என்றால் ஒரு நாளைக்கு 5 கோ அரிசி, நம் அளவில் ஒரு லிட்டருக்குக் கொஞ்சம் குறைவு. இதைப் போர்வீரனும் வாங்குவான், எடுபிடிக்காரனும் வாங்குவான். குறுவாள் விஷயம் சுவாரசியமானது: அது கைப்பிடிக்கும் அலகுக்கும் நடுவில் காப்புத் தட்டு இல்லாமல் இடுப்பில் செருகிக்கொள்ளும் வகை, உறையில் பொன்னோ வெள்ளியோ மெல்லிய தகடாக அடித்திருப்பார்கள். எடுபிடிப் பையனுக்கு யாரும் தூக்கிக் கொடுக்கிற பொருள் இல்லை அது. "தோகு"வுக்குச் சாமான், கருவி என்று பொருள். போர்க்காலப் பேச்சில் ஆயுதம், குறிப்பாக ஈட்டி. "செருப்புத் தூக்கியவன்" என்று ஒரு கூட்டம் கேலி செய்கிறது, "ஆயுதம் தாங்கிய மெய்க்காவலர்" என்று இன்னொரு கூட்டம் தூக்கி வைக்கிறது. அந்தச் சொல் இரண்டில் எதையும் முழுசாகச் சொல்லவில்லை. இந்த வரி ஒரே ஒரு பிரதியில்தான் இருக்கிறது என்பதையும் மறந்துவிடக் கூடாது, சந்தேகப்படுகிறவர்களிடம் இருக்கும் ஒரே வலுவான வாதம் அதுதான். ஆனால் பெயரையும் ஃபுச்சியையும் இன்னொரு நாட்குறிப்பு தனியாக உறுதிப்படுத்துகிறது, அதற்குப் பிறகு வருகிறேன்.

இந்த வரியைப் படிக்கும்போது எனக்கு இன்னொரு பக்கம்தான் ஞாபகத்துக்கு வரும். இணையச் சண்டைகளில் அதை யாரும் எடுத்துப் பேசி நான் அதிகம் பார்த்ததில்லை. நோபுனாகாவுக்கு சுமோ என்றால் உயிர். 1578இல் தன் அசுச்சி கோட்டையில் ஊர் ஊராக மல்லர்களை வரவழைத்துப் பெரிய போட்டி நடத்தினார், நாள் முழுக்க உட்கார்ந்து பார்த்தார். நன்றாகப் பிடித்தவர்களில் 14 பேரைத் தன்னிடமே வேலைக்கு எடுத்துக்கொண்டார். அவர்களுக்குத் தகடு போர்த்திய வாளும் குறுவாளும், ஆளுக்கு நூறு கொகு (கொகு என்பது அரிசியை அளக்கும் பெரிய அளவு) வருமானமும், "சொந்த வீடு வரைக்கும்" தரப்பட்டதாக அதே ஓதா கியூஇச்சி எழுதுகிறார். தகடு போர்த்திய உறை, சொந்த வீடு வரைக்கும். அதே சொற்கள், அதே எழுத்தாளர், நடுவில் மூன்றே வருடம். அதற்கும் முன்னால், 1570இல் ஒரு கோயிலில் நடந்த போட்டியில் நன்றாகப் பிடித்த இரண்டு பேருக்கு வாள் கொடுத்து, தன் ஆட்களாக்கி, சுமோவுக்கே பொறுப்பாளர்களாக வைத்தார். ஆக, யாசுகேக்கு நடந்தது நோபுனாகாவின் வீட்டில் ஏற்கெனவே பழகிப்போன ஒரு வழி. கட்டுமஸ்தான ஆளைக் கண்டால் அவர் விடமாட்டார். வாள், வீடு, படி கொடுத்துத் தன் பக்கத்தில் வைத்துக்கொள்வார். ஒரு வித்தியாசம் உண்டு: மல்லர்களுக்கு நூறு கொகு என்று கணக்கு எழுதியிருக்கிறது, யாசுகேக்கு எவ்வளவு என்று எழுதவில்லை. அவருக்கு நிலம் கொடுத்ததாக எங்கும் இல்லை.

அப்படியென்றால் சாமுராயா, வேலைக்காரரா? இங்கேதான் நம் மொழி நமக்குக் கை கொடுக்கிறது. "சாமுராய்" என்ற சொல்லின் வேர் "சபுராவ்" என்ற வினை. பெரியவர் பக்கத்தில் காத்து நின்று பணி செய்வது என்று பொருள். தமிழில் சேவகன் என்ற சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். அகராதியைப் புரட்டினால் ஊழியன் என்றும் இருக்கும், வீரன் என்றும் இருக்கும், சேவகம் என்றால் ஊழியமும்தான் வீரமும்தான். நமக்கு அது விசித்திரமாகப் படவில்லை. பதினாறாம் நூற்றாண்டு ஜப்பானிலும் அப்படித்தான், ஒரு பிரபுவின் படியை வாங்கிக்கொண்டு வாளோடு அவர் கூட நடப்பவன் ஒரே நேரத்தில் சேவகனும் போராளியும். "வேலைக்காரர்தானே, சாமுராய் இல்லையே" என்று பிரித்துக் கேட்பது அதற்குப் பிறகு வந்த காலத்தின் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்ப்பது.

அந்தப் பிற்காலம் எப்போது வந்தது என்பதற்குக் கிட்டத்தட்ட தேதியே சொல்லலாம். யாசுகே நோபுனாகாவிடம் இருந்தபோது படைத் தலைவர்களில் ஒருவராக இருந்த ஹிதேயோஷி, ஓவாரி நாட்டுக் கிராமத்தில் மிகச் சாதாரணக் குடும்பத்தில் பிறந்தவர். நோபுனாகாவிடம் கீழ்மட்ட ஆளாகச் சேர்ந்து, 1585இல் நாட்டின் மிக உயர்ந்த பதவிகளில் ஒன்றான கம்பாக்கு வரைக்கும் போனார். விவசாயி ஈட்டி தூக்கினால் போராளி, அறுவடைக்கு வீட்டுக்குப் போனால் மறுபடி விவசாயி, அப்படிப்பட்ட குழப்பமான காலம் அது. வேடிக்கை என்னவென்றால், அந்தக் கதவு வழியாக மேலே ஏறி வந்த அதே ஹிதேயோஷிதான் கதவைச் சாத்தினார். 1588இல் கிராமத்தாரிடமிருந்த வாள்களைப் பிடுங்க ஆணை, 1591இல் போர்வீடுகளின் ஆட்கள் விவசாயியாகவோ நகரவாசியாகவோ மாறக்கூடாது என்று இன்னொரு ஆணை. நீங்கள் மனதில் வைத்திருக்கும் அந்த இறுகிய, பிறப்பால் வரும் சாமுராய் வர்க்கம் இதற்கு அப்புறம், ஹிதேயோஷிக்குப் பின் ஆட்சியைப் பிடித்த தோகுகாவா இயேயாசுவின் வம்சம் ஆண்ட காலத்தில் கெட்டிப்பட்டது. யாசுகே வந்தது அதற்குப் பத்து வருடம் முந்தி. அவர் எந்தச் சுவரையும் தாண்டவில்லை, அப்போது அங்கே சுவரே முழுசாக எழும்பவில்லை.

கதவு சாத்திய பிறகும் வெளிநாட்டவர் உள்ளே போனதுண்டு. 1600இல் கப்பல் கரை ஒதுங்கி வந்த ஆங்கில மாலுமி வில்லியம் ஆடம்ஸுக்கு இயேயாசு மிஉரா தீபகற்பத்தில் ஹெமி என்ற இடத்தில் நிலமும் அதில் வேலை செய்யும் குடிகளையும் கொடுத்தார். அவரை எந்த இடத்தில் வைப்பது என்பதில் யாருக்கும் பெரிய குழப்பமில்லை, ஏனென்றால் நிலம் இருக்கிறது. யாசுகே விஷயத்தில் சச்சரவு வரக் காரணம் தோல் நிறம் மட்டும் இல்லை, அப்படி ஒரு நிலப் பதிவு இல்லாததும்தான். சரி, நிறமும் ஒரு காரணம்தான், இல்லையென்று நான் சொல்ல மாட்டேன். மல்லர்கள் 14 பேரும் சாமுராயா இல்லையா என்று யாரும் ராத்திரி முழுக்க உட்கார்ந்து சண்டை போட்டு நான் பார்த்ததில்லை.

இப்போது அந்த நாட்குறிப்பு. இயேயாசுவின் ஆளான மட்சுதைரா இயேதாதா தினமும் வானிலை, சாப்பாடு, கட்டட வேலை என்று நாலு வரி எழுதி வைக்கும் பழக்கமுள்ளவர். 1582 மே 11ஆம் தேதிக் குறிப்பில், பெருமகனார் (நோபுனாகாதான்) ஃபுச்சி கொடுத்து வைத்திருக்கிற, "தேவுசு"காரர்கள் (தேவுசு என்றால் போர்த்துக்கீசியத்தில் கடவுள், அதாவது பாதிரியார்கள்) காணிக்கையாகத் தந்த கறுப்பு ஆளைக் கூட்டி வந்தார், உடம்பு மை மாதிரி, உயரம் 6 ஷாகு 2 பு, பெயர் யாசுகே என்று எழுதுகிறார். 6 ஷாகு 2 பு என்றால் 182 சென்டிமீட்டர். ஐந்தடி சொச்சம் உயரமுள்ள ஆட்கள் நடுவில் அது எப்படித் தெரிந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். எந்த நோக்கமும் இல்லாமல் தனக்காக ஒருவர் எழுதி வைத்த குறிப்பு என்பதால் எனக்கு இதன் மேல்தான் நம்பிக்கை அதிகம். "காணிக்கையாகத் தந்த" என்ற சொல்லையும் விட்டுவிடாதீர்கள். ஒரு மனிதரை இன்னொருவருக்குக் கொடுத்திருக்கிறார்கள்.

நோபுனாகா அப்போது தகேதா குடும்பத்தை ஒழித்துவிட்டு காய் நாட்டிலிருந்து திரும்பிக்கொண்டிருந்தார். அவர் அங்கே போய்ச் சேரும் முன்பே தகேதா கட்சுயோரி செத்துப் போயிருந்தார், ஆக அது போருக்குப் போன பயணம் என்பதைவிட ஃபுஜி மலையை வேடிக்கை பார்த்துக்கொண்டு வந்த பயணம் என்பதுதான் பொருத்தம். கேமில் வருவதுபோல யாசுகே கவசம் மாட்டிப் படை நடத்தினாரா என்றும் கேட்டிருந்தீர்கள். அவர் கீழ் நாலு பேர் இருந்ததாகக்கூட ஒரு வரி இல்லை. கியோட்டோவில் இவரைப் பிரபு ஆக்கப் போகிறார்கள் என்று ஜனங்கள் பேசிக்கொள்கிறார்கள் என்று லொரென்சோ மெக்சியா பாதிரியார் எழுதியிருக்கிறார். அதே கடிதத்தில் யாசுகேக்குக் கொஞ்சம் ஜப்பானிய மொழி தெரியும், நோபுனாகாவுக்கு அவரோடு பேசி அலுப்பதே இல்லை என்றும் இருக்கிறது. பிரபு ஆக்கும் பேச்சு வெறும் ஊர்ப்பேச்சு, மற்றது நம்பலாம்.

அவர் சண்டை போட்டதாகப் பதிவிருப்பது ஒரே ஒரு காலையில்தான். 1582 ஜூன் 21 விடியலில் நோபுனாகாவின் படைத் தலைவர் அகேச்சி மிட்சுஹிதே தன் எஜமானருக்கு எதிராகவே திரும்பி, நோபுனாகா தங்கியிருந்த ஹொன்னோஜி கோயிலை வளைத்தார். நோபுனாகா அங்கேயே செத்தார். யாசுகே அங்கிருந்து நோபுனாகாவின் மகனும் வாரிசுமான நோபுதாதா இருந்த மாளிகைக்குப் போய், வெகுநேரம் சண்டை போட்டார் என்று ஃப்ரோயிஸ் எழுதுகிறார். அப்புறம் மிட்சுஹிதேயின் ஆள் ஒருவர் கிட்டே வந்து, பயப்படாதே, வாளைக் கொடு என்று கேட்க, கொடுத்துவிட்டார். இவனை என்ன செய்வது என்று கேட்டதற்கு மிட்சுஹிதே, அது ஒன்றும் தெரியாத மிருகம், ஜப்பானியனும் இல்லை, கொல்ல வேண்டாம், பாதிரிகளின் கோயிலில் கொண்டு போய் விடுங்கள் என்றாராம். இதை அப்பட்டமான இழிவு என்பார்கள் சிலர், உயிரைக் காப்பாற்றச் சொன்ன சாக்கு என்பார்கள் சிலர். ஃப்ரோயிஸ் அன்று தெற்கே கியூஷூ தீவில் இருந்தார், கேட்டதைத்தான் எழுதினார், அதனால் அந்தச் சொற்களை எழுத்துக்கு எழுத்து நம்பி மிட்சுஹிதேயின் மனதை அளக்க எனக்குத் துணிச்சல் இல்லை. சண்டை நடந்ததையும் வாளை ஒப்படைத்ததையும் நம்புகிறேன். வாளைக் கேட்டு வாங்க வேண்டுமென்றால் கையில் வாள் இருந்திருக்க வேண்டும், கூட இருந்தவர்கள் இவரைத் தங்கள் ஆளாக நினைத்து உள்ளே விட்டிருக்க வேண்டும். எனக்கு அந்த ஃபுச்சி வரியைவிட இது பெரிய சாட்சி.

சந்தேகமான விஷயங்களையும் சொல்லிவிடுகிறேன். அவர் ஊர் மொசாம்பிக் என்று எழுதியவர் சொலியே என்ற பிரெஞ்சுப் பாதிரியார், ஆனால் எழுதியது 1627இல், நாற்பத்தைந்து வருடம் கழித்து. எத்தியோப்பியா, சூடான் என்பதெல்லாம் உயரத்தையும் நிறத்தையும் வைத்துப் போடும் கணக்கு. அடிமையா என்றால், கடிதங்கள் அவரை "காஃப்ரே" என்கின்றன. அரபு காஃபிரிலிருந்து போர்த்துக்கீசியர் எடுத்த சொல், நம் ஊரில் காப்பிரி என்று ஆனதும் அதுதான். அது இனத்தைச் சொல்கிறதே தவிர நிலையைச் சொல்வதில்லை. காணிக்கையாகக் கைமாறியதைப் பார்த்தால் சுதந்திரமான ஆளாக வந்திருப்பார் என்று நம்புவது எனக்குக் கஷ்டம். அவர் இந்தியாவில் போர்ப் பயிற்சி எடுத்த அபிசீனிய (எத்தியோப்பிய) வீரர் என்பது ஊகம். ஆனால் ஊகத்துக்கு ஒரு பின்னணி உண்டு. எத்தியோப்பியாவில் பிறந்து பலமுறை விற்கப்பட்டு தக்காணம் வந்த மாலிக் அம்பர் இதே காலத்து ஆள், பின்னால் அகமதுநகர் அரசையே நடத்தினார். தக்காணத்தில் ஆப்பிரிக்க வீரர் மேலே ஏறுவதற்கு ஏணியே இருந்தது, ஜப்பானில் நோபுனாகா என்ற ஒரு மனிதரின் விருப்பம்தான் இருந்தது. எஜமானரின் தலையை யாசுகே எடுத்துக்கொண்டு ஓடினார் என்பது முழுக்கப் பிற்காலக் கதை.

1584இல் கியூஷூவில் ஒகிதனவாதே என்ற இடத்தில் நடந்த போரில், அரிமா என்ற பிரபு தரப்பின் சிறு பீரங்கியில் ஒரு காப்பிரி குண்டைப் போட, ஒரு மலபார்க்காரர் தீ வைத்தார் என்று ஃப்ரோயிஸ் எழுதியிருக்கிறார். அந்தக் காப்பிரிதான் யாசுகே என்று சிலர் ஆசைப்படுகிறார்கள். பெயர் இல்லை, போர்த்துக்கீசியக் கப்பல்களில் ஆப்பிரிக்கர்கள் நிறைய இருந்தார்கள், ஆகவே வேண்டாம். எனக்கென்னவோ அந்த மலபார்க்காரர் மேல்தான் கண். அவரைத் தேடி இதுவரை ஒரு ஆள் கேள்வி கேட்டதில்லை.

கியோட்டோ போக வாய்ப்பு வந்தால், கடைத்தெருவுக்குள் இருக்கும் இப்போதைய ஹொன்னோஜிக்குப் போய் ஏமாறாதீர்கள், ஹிதேயோஷி பிற்பாடு அந்தக் கோயிலையே இடம் மாற்றிவிட்டார். தகோயாகுஷி தெருவில் மேற்கே போனால் பழைய ஹொன்னோஜி இருந்த இடம் என்று ஒரு கல் நிற்கும். அதே தெருவில், முரோமாச்சித் தெருவுக்குக் கொஞ்சம் மேற்கே, பாதிரியார்களின் கோயில் இருந்த இடம் என்று இன்னொரு கல். இரண்டுக்கும் நடுவில் மெதுவாக நடந்தாலும் பத்து நிமிடம் ஆகாது. கதவை உடைத்த கூட்டம் கூடியதும், பிடிபட்ட பிறகு அவரைக் கொண்டு போய் விடச் சொன்னதும் அந்தக் கோயிலில்தான். வலிக்னானோ அதற்கு நாலு மாதம் முன்பே நாகசாகியில் கப்பல் ஏறிப் போய்விட்டார். யாசுகே உயிரோடு இருப்பதற்குக் கடவுளுக்கு நன்றி என்று ஃப்ரோயிஸ் ஒரு வரி எழுதியிருக்கிறார், அதற்கப்புறம் அந்தப் பெயர் எந்தக் கடிதத்திலும் வரவில்லை.